ஒரு நடிகை என்னிடம் படி துடைக்கப் பழகினார்

1

போன மாதம் வவுனியாவிலிருந்து அக்காவின் மகள் அழைத்தாள்.

"மாமா, நீங்கள் இங்கிலிஸ் படத்திலை நடிச்சிருக்கிறியளாமே?"

நான் சிரித்தேன். அவள் விடவில்லை. படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது, நன்றி சொல்லும் இடத்தில் கந்தையா குணசீலன் என்று என் முழுப்பெயரும் போகிறதாம். அவளுடைய கூட்டாளி ஒருத்தி நிறுத்திப் படமெடுத்து அனுப்பியிருக்கிறாள்.

"நீங்கள் கொம்பனியிலை சூப்பர்வைசர் எண்டெல்லோ அம்மா சொன்னவ. கொம்பனிக்கும் சினிமாவுக்கும் என்ன சம்பந்தம்?"

பிறகு சொல்கிறேன் என்று வைத்துவிட்டேன். ஒருத்திக்குச் சொல்வதைவிட எல்லோருக்கும் எழுதிவிடுவது நல்லது என்று இப்போது தோன்றுகிறது.

நான் எந்தக் கொம்பனியிலும் சூப்பர்வைசர் இல்லை. பலெர்மோவுக்கு வந்து பதினாறு வருடமாக வீடுகள் துடைக்கிறேன். இங்கே பெர்மெஸ்ஸோ என்று சொல்லும் வதிவிட அனுமதிக்கு நான் கொடுத்த தாள்கள் எல்லாவற்றிலும் வீட்டு வேலையாள் என்றுதான் இருக்கிறது. குவெஸ்தூரா என்கிற பொலிஸ் அலுவலகத்தில் சன்னலுக்குப் பின்னால் இருக்கிறவருக்குத் தெரிந்த விஷயம் என் சொந்த அக்காவுக்குத் தெரியாமல் இருந்தது. என் மகள் மதுராவும் பள்ளிக்கூடத்தில் அப்பா ஹோட்டலில் வேலை என்றுதான் சொல்லி வைத்திருந்தாள். அது எனக்குத் தெரியும். தெரிந்ததாகக் காட்டிக்கொண்டதில்லை.

அந்தப் படத்தில் நடித்தவரின் பெயரை எழுத மாட்டேன். படக்காரர்கள் என்னிடம் ஏழு பக்கத் தாளில் கையெழுத்து வாங்கினார்கள். மதுரா அதை வாசித்துச் சொன்னதில் எனக்கு விளங்கியது, வெளியில் பெயர் சொல்லக்கூடாது என்ற ஒன்றுதான். அமெரிக்க நடிகை. அப்போது எழுபத்தொரு வயது. நான் அவரை இங்கத்தைய வழக்கப்படி மரியாதையாகச் சினியோரா என்றுதான் கூப்பிட்டேன். இங்கேயும் அப்படியே எழுதுகிறேன்.

2

கபோ சந்தையின் பின்பக்கத்தில் ஒரு பழைய மாளிகை. கீழே மீன்காரன் கூவுவது நாலாம் மாடி வரைக்கும் கேட்கும். அந்த மாளிகையின் படிக்கட்டைக் கிழமையில் மூன்று நாள் துடைப்பது என் வேலை. மொத்தம் அறுபத்திரண்டு படி, எல்லாம் தேய்ந்த மாபிள் கல்.

போன வருடம் வசந்த காலத்தில் ஒரு காலை, இரண்டாம் மாடித் திருப்பத்தில் ஒரு வயதான வெள்ளைக்காரி படியில் உட்கார்ந்திருந்தார். சுற்றுலாவுக்கு வந்து களைத்துப்போனவர் என்று நினைத்தேன். அவர் இறங்கிப் போவதற்காக ஓரத்தை உலர்த்திக் கொடுத்தேன். போகவில்லை. தத்தித் தத்தி இத்தாலியனில், "நான் பார்க்கலாமா?" என்று கேட்டார்.

ஒருவர் வேலை செய்வதை என்னத்துக்குப் பார்ப்பது? வீட்டுக்காரர்கள் பார்ப்பதென்றால் பிழை பிடிக்கத்தான் பார்ப்பார்கள். அவர் அப்படிப் பார்க்கவில்லை. நான் ஒரு படி இறங்க, அவரும் ஒரு படி இறங்கி உட்கார்ந்தார். கீழ்வாசல் வரை அப்படியே வந்தார். அடுத்த வேலை நாளும் இருந்தார். மூன்றாம் நாள் பழைய காற்சட்டையோடு வந்து, என் வாளியைக் காட்டி, தனக்குத் துணி பிழியத் தெரியாது, காட்டித் தருவீர்களா என்று கேட்டார்.

மாளிகையின் மேல்தளத்தில் ஒரு படம் எடுக்கப் போகிறார்கள் என்பதும், அதில் அவர் வேலைக்காரியாக நடிக்கிறார் என்பதும், அதற்காகவே ஒரு மாதம் முந்தி வந்து தங்கியிருக்கிறார் என்பதும் வாசற்காவல்காரர் சொல்லித்தான் எனக்குத் தெரியும். "பெரிய ஆள்" என்று காவல்காரர் கண்ணை விரித்தார். எனக்கு நம்பிக்கை வரவில்லை. பெரிய ஆட்கள் அழுக்குத் தண்ணீரில் கை வைக்க மாட்டார்கள்.

சினியோரா வைத்தார். முதல் நாள் ஈரத்துணியைக் கைக்குட்டை பிழிவதுபோலப் பிழிந்தார். தண்ணீர் முழங்கை வழியாக ஓடியது. நான் துணியின் ஒரு பக்கத்தைக் கீழ்க்கையில் இறுக்கி, மேல்கையை மட்டும் திருப்பிக் காட்டினேன். அவர் என் கையைப் பார்க்கவில்லை என்பதை அப்போதுதான் கவனித்தேன். என் தோளைப் பார்த்தார். பிறகு முதுகை. அதற்குப் பிறகு என் கால் எங்கே ஊன்றியிருக்கிறது என்று குனிந்து பார்த்தார். துணி பிழிவதில் காலுக்கும் வேலை இருக்கிறதென்று எனக்கே அன்றைக்குத்தான் தெரியும்.

இரண்டு கிழமையில் அறுபத்திரண்டு படியும் அவர் தனியாகத் துடைத்தார். கையுறை போட மறுத்ததில் விரல் இடுக்குகள் வெடித்தன. நான் சந்தையில் ஒரு களிம்பு வாங்கிக் கொடுத்தேன். எனக்குப் பாதி, அவருக்குப் பாதி.

3

ஒரு நாள் அவர் என்னோடு ஆறுதலாகக் கதைக்க வேண்டும் என்றார். என் இத்தாலியன் வேலைக்கு மட்டும் போதுமான இத்தாலியன். அவருடையது அதைவிடக் குறைவு. வீட்டில் இங்கிலிஸ் தெரிந்த ஒரே ஆள் மதுரா. ஞாயிற்றுக்கிழமை ஒரேத்தோவில் இருக்கும் எங்கள் வீட்டுக்கு வரச் சொன்னேன்.

மதுராவுக்கு அப்போது பதினைந்து வயது. இரண்டு வயதில் தாயோடு இங்கே வந்தவள். நான் தமிழில் கேட்டால் அவள் சிசிலிக்காரர் மாதிரி இழுத்து இத்தாலியனில் பதில் சொல்வாள். யாரோ கிழவிக்காக ஞாயிற்றுக்கிழமை வீட்டில் நிற்க மாட்டேன் என்று முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டாள். சினியோராவின் பெயரைச் சொன்னேன். தொலைபேசியில் தேடினாள். அதன்பிறகு அறைக்குள் இருந்து ஒரு சத்தம் வந்ததே, பாம்பைக் கண்டுவிட்டாள் என்று ஓடினேன்.

"அப்பா! இவ ஆரெண்டு தெரியுமா உங்களுக்கு? எங்கட சோபாவிலை இவவை எப்பிடி இருத்துறது?"

சினியோரா பஸ்ஸில் தனியாக வந்தார். என் மனைவி வசந்திக்கு ஸ்ஃபெர்ராகவால்லோ என்ற கடலோரப் பகுதியில் ஒரு மீன் உணவகத்தின் சமையலறையில் வேலை. ஞாயிறு அங்கே மூச்சுவிட நேரம் இருக்காது. அதனால் விடியவே நண்டுக்கறி வைத்து மூடிவிட்டுப் போயிருந்தாள். சினியோரா கையால் சாப்பிட்டார். நண்டுக்காலை நாங்கள் எப்படி உடைக்கிறோம் என்று பார்த்து, இரண்டாவது காலைச் சரியாக உடைத்தார்.

சாப்பிட்ட பிறகு இரண்டு சட்டம் போட்டார். அவர் ஒரு கேள்வி கேட்டால் நானும் ஒரு கேள்வி கேட்க வேண்டும். இரண்டாவது சட்டம் மதுராவுக்கு. அவள் "அப்பா சொல்லுறார், அவருக்குப் பயமா இருந்ததாம்" என்று மொழிபெயர்க்கத் தொடங்கியதும் சினியோரா கையைத் தூக்கி நிறுத்தினார். அப்படி வேண்டாமாம். அப்பா நான் என்றால் நீயும் நான் என்று சொல்ல வேண்டுமாம். சினியோரா பேசும்போது தமிழிலும் நான் என்றே சொல்ல வேண்டுமாம்.

மதுரா வெட்கப்பட்டாள். பிறகு பழகிவிட்டாள். சில இடங்களில் தடுமாறினாள். வந்த முதல் வருடம் எனக்கு மனம் விட்டுப்போச்சு என்று நான் சொன்னதை, என் மனம் என்னை விட்டு எழும்பிப் போய்விட்டது என்று இங்கிலிஸில் சொல்லியிருக்கிறாள். சினியோரா நிமிர்ந்து உட்கார்ந்து, "எங்கே போனது?" என்று கேட்டார். அது பிழையான மொழிபெயர்ப்பு என்று எனக்குப் பிறகுதான் தெரிந்தது. ஆனால் அந்தக் கேள்விக்கு என்னிடம் பதில் இருந்தது.

நாலு ஞாயிற்றுக்கிழமை வந்தார். அவருடைய கதையை அந்த நாலு நாளும் என் மகளின் வாயால்தான் கேட்டேன்.

நிலக்கரி தோண்டுகிற ஒரு சின்ன ஊரில் பிறந்தவர். தகப்பன் சுரங்கத் தூசியால் நெஞ்சு பழுதாகி இறந்துபோனார். தாய் பெருந்தெருவோர விடுதி ஒன்றில் அறைகள் துடைத்தார். பள்ளிக்கூடம் இல்லாத நாட்களில் தாயோடு போவாராம். விருந்தினர் யாராவது வந்தால் கதவுக்குப் பின்னால் அசையாமல் நிற்க வேண்டும். அது மட்டும் இல்லை, அவருக்குத் திக்குவாயும் இருந்தது. தன் பெயரைக் கேட்டால் சொல்ல முடியாமல் அழுதுவிடுவார். ஒரு நாள் பள்ளி நாடகத்தில் ஆள் குறைந்ததென்று நாலு வரி கொடுத்தார்கள்.

"நாலு வரியும் தடக்காமல் வந்தது," என்றாள் மதுரா, சினியோராவாக. "வேறை ஒருத்தியின்ரை பேச்சு எண்டால் என்ரை நாக்குக்குப் பயமில்லை. அண்டைக்கே முடிவெடுத்தன்."

பத்தொன்பது வயதில் பஸ் ஏறிப் பெரிய நகரத்துக்குப் போனார். சாப்பாட்டுக் கடைகளில் தட்டுத் தூக்கினார். கடைசியில் ஒரு பெரிய நாடக அரங்கில் வேலை கிடைத்தது. ஆனால் நடிக்கிற வேலை இல்லை. கதாநாயகிக்குச் சுகமில்லாமல் போனால் அவருக்குப் பதிலாக ஏறுவதற்குத் தயாராக நிற்கிற வேலை. எல்லா வரியும் பாடமாக இருக்க வேண்டும். ஒவ்வொரு மாலையும் முகப்பூச்சோடு திரைக்குப் பின்னால் உட்கார்ந்திருக்க வேண்டும். ஒரு நாடகம் முடிந்து இன்னொரு நாடகம், ஆனால் கதாநாயகி அதே ஆள்.

"எத்தினை நாள் அப்பிடி?" என்று கேட்டேன்.

"பதினொரு வருஷம்."

"எத்தினை தரம் ஏறினீங்கள்?"

மதுரா கேட்டுவிட்டு, பதிலைச் சொல்லும் முன் தானே ஒரு நிமிடம் சினியோராவின் முகத்தைப் பார்த்தாள். "ஒரு தரமும் இல்லை. பதினொரு வருஷமும் அந்த மனுசிக்கு ஒரு தடிமன் கூட வரேல்லை."

சினியோரா அதைச் சொல்லிவிட்டுக் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். எங்களுக்குச் சிரிக்க வரவில்லை. பெர்மெஸ்ஸோ புதுப்பிக்கக் கொடுத்துவிட்டு மாதக்கணக்கில் காத்திருக்கிறவனுக்குக் காத்திருப்பு என்றால் என்னவென்று தெரியும். ஆனால் பதினொரு வருடம், ஒவ்வொரு மாலையும் முகத்துக்கு நிறம் பூசிக்கொண்டு! வெறுத்துப்போகவில்லையா என்று கேட்டேன்.

"ஒவ்வொரு நாளும் முழு நாடகத்தையும் நடிச்சன். அங்கை, கதிரையிலை இருந்தபடியே. ஒருத்தரும் பாக்கேல்லை, அவ்வளவுதான்."

நாற்பத்திரண்டு வயதில் ஒரு படத்தில் நாலு நிமிடம் கிடைத்தது. ஆஸ்பத்திரி நடையில் காத்திருக்கும் ஒரு பெண். பேச்சே இல்லை. அந்த நாலு நிமிடத்தைப் பார்த்த ஒரு இயக்குநர் தேடி வந்தார். அதன்பிறகு கதவுகள் திறந்தன. படங்கள், விருதுகள். பிறகு தான் காத்திருந்த அதே அரங்கில் கதாநாயகியாக ஏறினார். இன்றைக்கும் படத்தில் நடித்துவிட்டு மேடைக்குத்தான் திரும்பிப் போகிறார். இப்போது கூட ஒரு சின்ன அரங்கில் தினமும் ஏறுவதாக மதுரா சொல்கிறாள்.

"உங்கட அம்மாவே துடைச்சவ. பிறகு என்னட்டைப் பழக என்ன இருக்கு?" என்று கேட்டேன்.

"அம்மா தன்ரை ஊரிலை, தன்ரை பாஷையிலை துடைச்சவ. இந்தப் படத்திலை வாற மனுசி அமெரிக்காவிலை எல்லாத்தையும் விட்டிட்டு வந்து, இஞ்சை பணக்காரச் சொந்தக்காரற்றை வீட்டிலை துடைக்கிறாள். அது எனக்குத் தெரியாது. உங்களுக்குத் தெரியும்."

4

மூன்றாம் ஞாயிற்றுக்கிழமை அவர் தாயின் மரணத்தைப் பற்றிச் சொன்னார். நான் கேட்கவில்லை. என் முறைக்கு என்ன கேட்பதென்று தெரியாமல், வாழ்க்கையில் செய்ததில் எது உங்களுக்குப் பெரிது என்று கேட்டேன். விருதைச் சொல்வார் என்று நினைத்தேன்.

தாய் இறந்த செய்தி பிற்பகலில் வந்ததாம். மாலை நாடகம் இருந்தது. முகத்தைக் கழுவிவிட்டு ஏறினார். அது சிரிப்பு நாடகம். ஒரு வசனத்துக்குச் சனம் விழுந்து விழுந்து சிரிக்கும். சிரிப்பு அடங்கும்வரை நடிகர் பொறுத்திருந்து அடுத்த வசனத்தைத் தொடங்க வேண்டும்.

"அண்டைக்கும் சரியாப் பொறுத்து நிண்டன்," என்றாள் மதுரா. அவள் குரல் இறங்கிவிட்டது. "ஒரு நொடி கூடப் பிசகேல்லை. அதைத்தான் என்னாலை மன்னிக்க முடியேல்லை. அதுதான் நான் செய்ததிலை பெரிசும்."

பிறகு சினியோரா தன் கேள்வியைக் கேட்டார். உங்களுக்கு அப்படி ஒரு நாள் இருந்ததா?

இல்லை என்று சொல்லியிருக்கலாம். பதினொரு வருடமாக எல்லோருக்கும் அப்படித்தான் சொல்லி வந்தேன்.

என்னைப் பெற்ற அய்யா கிளிநொச்சியில் இறந்த நாள் மதுராவுக்கு நாலு வயது. என் பெர்மெஸ்ஸோ புதுப்பிக்கக் கொடுத்துக் குவெஸ்தூராவில் கிடந்தது. இப்போது வெளியே போனால் திரும்பி வருவது நிச்சயமில்லை என்று வக்கீல் சொல்லியிருந்தார். அக்கா அழைத்தபோது நான் அதே படிக்கட்டில், மூன்றாம் மாடியில் நின்றேன். அவள் சொன்னதைக் கேட்டேன். தொலைபேசியைப் பொக்கற்றுக்குள் வைத்தேன். துடைத்துக்கொண்டு கீழே இறங்கினேன். மாபிளில் இடையில் நிறுத்தினால் அந்த இடத்தில் காய்ந்து கோடு விழும். கீழ்ப்படிவரை கோடு விழாமல் துடைத்து முடித்தேன். முடித்துவிட்டு வாளியைக் கழுவிக் கவிழ்த்தேன். அப்போதும் அழவில்லை.

இதைத் தமிழில் சொல்லி முடித்து மதுராவைப் பார்த்தேன். அவள் இங்கிலிஸில் தொடங்கினாள். "என் அப்பா இறந்த நாள்" என்று சொல்லியிருக்க வேண்டும், அவ்வளவு எனக்கு விளங்கியது. அதற்கு மேல் போக முடியாமல் நின்றாள். என்னைப் பார்த்தாள். நான் என்று சொல்வதற்கு அவள் என் இடத்தில், அந்த மூன்றாம் மாடியில் நிற்க வேண்டியிருந்தது. சினியோரா அவசரப்படுத்தவில்லை. மதுரா மூச்சு இழுத்து, முதலில் இருந்து தொடங்கி, வாளியைக் கவிழ்த்தது வரைக்கும் சொன்னாள். ஒரு இடத்திலும் "அப்பா சொல்லுறார்" என்று தப்பிக்கவில்லை.

சினியோரா எழுந்து வந்து என் கையைப் பிடித்தார்.

அவரைப் பஸ்ஸில் ஏற்றிவிட்டுத் திரும்பும்போது மதுரா கேட்டாள்.

"ஏன் எனக்கு இதைச் சொல்லேல்லை?"

"நீ நாலு வயசுப் பிள்ளை."

"பிறகு நான் வளந்தனான் தானே அப்பா."

அவள் என் கைக்குள் கையைப் போட்டுக்கொண்டு வந்தாள். அப்படி நடந்து எத்தனையோ வருடம்.

5

படப்பிடிப்பில் ஒரு நாள் எங்கள் இருவரையும் சினியோரா வரச் சொன்னார். மேல்தளத்துப் பெரிய கூடம். நாற்பது பேராவது நின்றார்கள். வயர்கள், விளக்குகள், ஆளுக்கொரு காதுக் கருவி. நாங்கள் கமெராவுக்குப் பின்னால் ஒரு பெட்டியின் மேல் உட்கார்ந்தோம்.

காட்சி சின்னது. காலை நேரம். வீட்டுக்காரச் சீமாட்டி மேசையில் கோப்பி குடித்துக்கொண்டிருக்கிறாள். வேலைக்காரி வாளியோடு வந்து நிலத்தைத் துடைக்கத் தொடங்குகிறாள். வசனம் இல்லை.

கதவு திறந்தது. என்னோடு நண்டு உடைத்தவர் வரவில்லை. வேறொருத்தி வந்தாள். பல வருடம் அந்த வீட்டில் வேலை செய்து தோள் இறங்கிப்போனவள். சீமாட்டியை ஒரு தடவை பார்த்து, தலையைக் குனிந்து, சுவரோடு சுவராக, தன் அகலத்தைப் பாதியாக்கிக்கொண்டு நடந்து வந்து முழங்காலில் இருந்தாள். துணியைப் பிழிந்தாள். என் தோள். என் முதுகு. ஒரு பெண்ணின் உடம்பில் நான் நடந்து வருவதை நான் பார்த்தேன். பக்கத்தில் நின்ற விளக்குக்காரர் கண்ணைத் துடைத்தார்.

மதுரா என் காதுக்குள் சொன்னாள். "அப்பா, நீங்கள் எங்கட வீட்டிலயும் இப்பிடித்தான் நடக்கிறியள். சுவரோட."

அது எனக்குத் தெரியாது. சத்தியமாகத் தெரியாது.

இயக்குநர் கை தட்டினார். எல்லோரும் தட்டினார்கள். சினியோரா முழங்காலில் இருந்தபடியே திரும்பி, அத்தனை பேரையும் தாண்டி எங்களைப் பார்த்து ஏதோ கேட்டார்.

"சரியோ எண்டு கேக்கிறா," என்றாள் மதுரா. "உங்களை."

இந்த ஊரின் பெரிய வீடுகளுக்குள் எத்தனையோ வருடம் போய் வந்திருக்கிறேன். ஒரு விஷயம் சரியா பிழையா என்று அங்கே ஒருவரும் என்னிடம் கேட்டதில்லை.

"இல்லை," என்றேன்.

"அப்பா!" மதுரா என் கையைக் கிள்ளினாள். "ஓம் எண்டு சொல்லுங்கோ. எல்லாரும் பாத்துக்கொண்டு நிக்கினம்."

"அவ பொய் கேக்க வரேல்லைப் பிள்ளை. சொல்லு. சுவரோட நடக்கிறது சரி. துணி பிழியிறது சரி. தலை குனியிறது பிழை. முதல் ஆறு மாதம் அப்பிடித்தான் குனிவம். இவ்வளவு வருஷம் துடைச்ச ஆள் கதவைத் திறந்தவுடனை வீட்டுக்காரியைப் பாக்காது. நிலத்தைப் பாக்கும். எங்கை கறை, எங்கை ஈரம், எங்கையிருந்து தொடங்கிறது எண்டு. அது குனியிறேல்லை. அது வேலையைப் பாக்கிறது."

மதுரா எழுந்து நின்றாள். அந்த நாற்பது பேருக்கும் கேட்க, இங்கிலிஸில், நான் நான் என்று சொல்லிக்கொண்டே போனாள்.

சினியோரா முழுவதையும் கேட்டார். நான் பயந்ததுபோல முகம் மாறவில்லை. புதுப் பாடம் கிடைத்த பள்ளிப்பிள்ளையின் முகம்போல இருந்தது. இயக்குநர் கிட்டப் போய், இதுவே அருமை, போதும் என்றார். அவர் போதாது என்று தலையசைத்தார். இரண்டு பேர் தூக்கிவிட, முழங்காலைப் பிடித்துக்கொண்டு எழுந்து, வாளியை எடுத்துக்கொண்டு கதவுக்கு வெளியே போனார். விளக்குகளைத் திரும்பவும் சரிசெய்தார்கள். கதவைச் சாத்தினார்கள்.

திரும்பவும் கதவு திறந்தது. அவர் வாசலில் நின்றார். சீமாட்டியைப் பார்க்கவில்லை. நிலத்தைப் பார்த்தார். ஒரு மூலையில் இருந்து மறு மூலைவரை மெதுவாக, ஒரு தோட்டக்காரன் பாத்தியைப் பார்ப்பதுபோலப் பார்த்தார். அவ்வளவுதான் வித்தியாசம். அந்த ஒரு பார்வையில் கூடமே மாறிவிட்டது. தங்க விளிம்புக் கண்ணாடியும் மேசையும் அந்தச் சீமாட்டியும் யாருடையவையோ. நிலம் மட்டும் அவருடையது. கோப்பி குடித்துக்கொண்டிருந்த நடிகை, அவரிடம் யாரும் சொல்லாமலே, தன் காலை உள்ளுக்கு இழுத்துக்கொண்டார்.

சினியோரா சுவரோடு நடந்து வந்து முழங்காலில் இருந்தார். துணியைப் பிழிந்தார். துடைத்தார். இயக்குநர் நிறுத்தச் சொல்லவில்லை, மறந்துபோனார் என்று நினைக்கிறேன். ஒரு வரிசை முழுக்கத் துடைத்த பிறகுதான் நிறுத்தினார்கள்.

இந்தத் தடவை ஒருவரும் கை தட்டவில்லை. சினியோரா துணியை வாளியில் போட்டுவிட்டு என்னைப் பார்த்தார். நாற்பது பேரும் திரும்பி என்னைப் பார்த்தார்கள். மொழிபெயர்க்க மதுரா வாயைத் திறந்தாள். தேவைப்படவில்லை.

சரி என்று நான் தலையை ஆட்டினேன். அதற்குப் பிறகுதான் விளக்குகளை அணைத்தார்கள்.